ரன் அவுட் நாற்பத்தாறு

மார்ச்செஸ்டர்
29 ஏப்ரல் 1928, ஞாயிறு

அன்புள்ள மேபல் அக்கா,

வந்து ஒரு வாரம் ஆகிறது. அன்றைக்கே எழுதியிருக்க வேண்டும். நான் கிளம்பும்போது அப்பா அறைக் கதவைத் திறக்கவே இல்லை என்பதை நினைத்துக்கொண்டே ரயிலில் உட்கார்ந்திருந்ததில், ஒரு ஸ்டேஷன் தள்ளி இறங்கி, பையைத் தூக்கிக்கொண்டு நடந்தே திரும்பி வந்தேன். கவுண்டி அணிக்கு ஆட வந்தவனின் முதல் ஓட்டம் இந்த லட்சணத்தில் ஆரம்பித்தது.

மிஸஸ் கட்ஜ் என்ற விதவையின் வீட்டு மாடியறையில் இருக்கிறேன். வந்ததும் அந்த அம்மாள் கேட்ட முதல் கேள்வி: "நீங்க துரையா, சம்பளத்துக்கு ஆடுறவரா?"

"சம்பளத்துக்குத்தாங்க."

"அப்ப பின்வாசல் வழியா வாங்க. முன்னால கம்பளம் போட்டிருக்கு."

மைதானத்திலும் இதே கதைதான். சம்பளம் வாங்காமல் ஆடும் துரைமார் பெவிலியனின் நடுப்படி வழியாக இறங்குவார்கள். எங்களுக்குப் பக்கத்தில் ஒரு மரக்கொட்டகை, அதற்குத் தனி வாசல். சாப்பாட்டுக்குப் பிறகு ஆட்டத்தைத் தொடரப் போகும்போது ஒரு பேட்ஸ்மேன் அந்த வாசல் வழியாகவும் இன்னொருவர் இந்த வாசல் வழியாகவும் வந்து, புல்லில் பாதி தூரத்தில் சந்தித்துக்கொள்கிறார்கள். பார்க்கச் சிரிப்பாகத்தான் இருக்கிறது.

கோடை முழுக்க என் ஆட்டத்தைப் பார்ப்பார்களாம். செப்டம்பரில் கமிட்டி கூடும். பிடித்திருந்தால் அடுத்த வருஷமும் வைத்துக்கொள்வார்கள். பிடிக்காவிட்டால் பழையபடி பூட்ஸ் ஃபேக்டரியில் தோல் வெட்டும் மேசைதான், அதுவும் ஹார்க்கர் முதலாளி மனசு வைத்தால். எனக்கு இங்கேயே இருந்துவிட வேண்டும், அக்கா. இவ்வளவு வெளிப்படையாக வேறு யாரிடமும் சொல்ல முடியாது.

கிளம்புவதற்கு முந்தின ராத்திரி அப்பா சொன்னது இன்னும் காதிலேயே நிற்கிறது. "போற எடத்துலயும் தொப்பியத் தொட்டுக்கிட்டுத்தான் நிக்கப் போற. அதுக்கு எதுக்குடா ரயில் ஏறணும்?" பெற்ற மகனை வழியனுப்பும் பேச்சா இது?

உன் தம்பி,
சைலஸ்


வோல்ஸ்பி
6 மே 1928

சைலஸ்,

கடிதம் கிடைத்தது. கம்பளத்தை மிதிக்காமல் பத்திரமாக இரு.

நீ கேட்காத ஒன்றைச் சொல்கிறேன். ஹன்ஸ்டன்டன் கடற்கரையில் என் தோழி டோரா தொப்பிக் கடை வைத்திருக்கிறாளே, என்னைத் துணைக்கு வரச் சொல்லிப் போன கிறிஸ்துமஸிலிருந்து எழுதிக்கொண்டிருந்தாள். மார்ச்சில் போவதாக இருந்தேன், பெட்டிகூடக் கட்டியாயிற்று. அப்போதுதான் உனக்குக் கவுண்டியிலிருந்து அழைப்பு வந்தது. அப்பாவோடு யாராவது ஒருவர் இருக்க வேண்டும். நீ உன் பையைக் கட்டினாய், நான் என் பெட்டியைப் பிரித்தேன். நீ அதைக் கவனித்தாயா என்றுகூட எனக்குத் தெரியவில்லை. எனக்கு உன்மேல் கோபம்தான். எழுதிவிட்டேன், இனி பாதியாகக் குறையும்.

வீட்டில் பேச்சு என்பதே இல்லை. நான் பகலெல்லாம் ஃபேக்டரியில் பூட்ஸின் மேல்தோல் தைக்கும் பிரிவில் இயந்திரச் சத்தத்தில் இருந்துவிட்டு வந்தால், ராத்திரி மேசையில் இரண்டு கரண்டிச் சத்தம் மட்டும்தான் கேட்கிறது. உன் கடிதத்தை வாசிக்கட்டுமா என்று அப்பாவைக் கேட்டேன். "எனக்குக் காது சரியில்ல" என்றார். பக்கத்து வீட்டு நாய் குரைத்தால் மட்டும் அந்தக் காது நன்றாகக் கேட்கிறது.

காலையில் ஹார்க்கரின் கார் ஃபேக்டரி வாசலில் நுழையும்போது அப்பா வழக்கம்போல் ஒதுங்கி நின்று மரியாதைக்குத் தொப்பியைத் தொடுகிறார். நாற்பது வருஷமாகத் தொட்டு அதன் முன்விளிம்பு வழவழவென்று ஆகிவிட்டது. புதிதாக ஒன்று செய்து தருகிறேன் என்றால் வேண்டாமாம்.

கம்பளிச் சட்டை அனுப்பியிருக்கிறேன். உள்ளே போட்டுக்கொள்.

மேபல்


மார்ச்செஸ்டர்
3 ஜூன் 1928

அன்புள்ள அக்கா,

டோரா விஷயம் எனக்குத் தெரியும். தெரியாத மாதிரி இருந்துவிட்டேன். அதற்குமேல் என்ன எழுதினாலும் சாக்குப்போக்காகத்தான் இருக்கும்.

ஆட்டத்தைப் பற்றி நீயே பேப்பரில் பார்த்திருப்பாய். முதல் ஆட்டத்தில் பூஜ்யம், இரண்டாவது முறை ஏழு. அந்த ஏழில் நான்கு, பேட்டின் விளிம்பில் பட்டு என் சம்மதம் இல்லாமல் போனது. போன வாரம் முப்பத்தொன்று. அன்று சாயங்காலம் மிஸஸ் கட்ஜிடம் சொன்னேன். "முப்பத்தொண்ணுன்னா அது நல்லதா?" என்று கேட்டுவிட்டு முட்டைக்கோஸ் வைத்தாள். அந்தக் கேள்வியோடு என் கொண்டாட்டம் முடிந்தது.

எங்கள் கேப்டன் திரு. டென்ஹாம் கெட்டவர் இல்லை. முப்பத்தொன்று அடித்த அன்று கொட்டகை வாசல் வரைக்கும் வந்தார். இங்கே துரைமாருக்கு நான் சைலஸ் இல்லை, குடும்பப் பெயரில் வெறும் டாரிதான்.

"நல்லா ஆடுற டாரி. ஒரே ஒரு அம்பது அடிச்சிரு. கமிட்டில நான் பேசுறேன்."

"சரிங்க சார்."

ஐம்பது. ஒன்றே ஒன்று போதும். ராத்திரி படுக்கையில் கண்ணை மூடினால் ஸ்கோர் பலகைதான் தெரிகிறது.

கொட்டகையில் ஃப்ராஸ்ட் என்று ஒரு பந்துவீச்சாளர். இருபது வருஷமாகக் கவுண்டிக்கு ஆடுகிறவர். கேப்டன் போனதும் என்னைப் பார்த்துச் சிரித்தார். "அம்பது அடிக்கிறது இருக்கட்டும். துரையோட சேர்ந்து ஆடும்போது ஒண்ண ஞாபகம் வச்சுக்க தம்பி. அவரு ஓடி வந்து ரெண்டு பேரும் ஒரே பக்கம் மாட்டிக்கிட்டீங்கன்னா, நீதான் ஸ்டம்ப் முன்னால இருக்கிற கோட்ட விட்டு வெளிய ஓடணும்."

"நான் கோட்டுக்குள்ள நின்னா அவுட்டு அவருதானே?"

"சட்டப்புத்தகத்துல அப்படித்தான் போட்டிருக்கு. அவுட்டாகிறது நம்ம ஆளுதான். எல்லா ஊர்லயும் அதான் வழக்கம்."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

சைலஸ்


வோல்ஸ்பி
1 ஜூலை 1928

சைலஸ்,

வேலை முடிந்து வரும்போது ரயில்வே பாலத்தடிப் பேப்பர் கடையில் நின்று ஸ்கோர் பார்க்கிறேன். வாங்காமல் படிக்கிறேன் என்று கடைக்காரருக்குத் தெரியும். "இன்னைக்கு உங்காளு பதினெட்டு" என்று அவரே சொல்லிவிடுகிறார். சில நாளில் உதட்டைப் பிதுக்குவார். நான் பேப்பரைத் தொடாமல் வந்துவிடுவேன்.

தையல் பிரிவுப் பெண்கள் என்னைக் கவுண்டி அக்கா என்கிறார்கள். எனக்குப் பிடித்திருக்கிறது, அவர்களிடம் காட்டிக்கொள்வதில்லை.

உனக்கு ஐம்பது வந்து நீ அங்கேயே தங்கிவிட்டால் நான் ஹன்ஸ்டன்டனுக்குப் போகவே முடியாது. அதையும் யோசித்துவிட்டுத்தான், ஞாயிற்றுக்கிழமை சேப்பலில் கண்ணை மூடி உனக்கு ஐம்பது வர வேண்டும் என்று கேட்டேன். இதை நீ தெரிந்துகொள்ள வேண்டும் என்று ஆசையாக இருந்தது.

மேஸ்திரி அப்பாவிடம், "உம்ம பையன் பேரு பேப்பர்ல வருதாமே" என்றிருக்கிறார். "பேப்பர்ல ஆயிரம் பேரு வரும்" என்றாராம் அப்பா. ஆனால் அன்று ராத்திரி உருளைக்கிழங்கு இன்னொன்று கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

சாயங்காலங்களில் நீ என்ன செய்கிறாய்? அதைப் பற்றி எழுதுவதே இல்லை.

மேபல்


மார்ச்செஸ்டர்
5 ஆகஸ்ட் 1928

அன்புள்ள அக்கா,

அப்பாவிடம் இதைச் சொல்லாதே. என்னை வெளியே உட்கார வைத்துவிட்டார்கள்.

ஆட்டம் மோசம் என்றில்லை. ஆகஸ்ட் வந்துவிட்டது, அவ்வளவுதான். திரு. பிம் என்று ஒரு பள்ளி ஆசிரியர், துரை வகை. பள்ளி விடுமுறையில் ஆறு வாரம் கிரிக்கெட் ஆட வருகிறார். வருஷா வருஷம் வருவாராம். அவர் வந்தால் எங்களில் ஒருவன் இடத்தைக் காலி செய்ய வேண்டும், இந்த வருஷம் நான். அவரே என்னிடம் வந்து, "ஒண்ணும் மனசுல வச்சுக்காதப்பா" என்று கை கொடுத்தார். நல்ல மனிதர். இங்கே எல்லோருமே நல்ல மனிதர்கள், அதுதான் கஷ்டம். யார்மேல் கோபப்படுவது என்று தெரியவில்லை.

இப்போது காலையில் கிளப் உறுப்பினர்களுக்குப் பயிற்சி வலைக்குள் பந்து போடுகிறேன். வெளியூர் ஆட்டம் என்றால் பைகளை வண்டியில் ஏற்றிவிட்டு நான் இங்கேயே இருந்துவிடுகிறேன்.

சாயங்காலம் என்ன செய்கிறாய் என்று கேட்டாய். வாய்க்கால் ஓரமாக நடந்து ரயில் பாலம் வரை போகிறேன். வோல்ஸ்பி வண்டி ஆறு மணிக்குப் போகும். அது போன பிறகு திரும்புகிறேன். வேறு எதுவும் இல்லை. யாரோடும் பேசாமல் சில நாள் முழுதாகக் கழிந்துவிடுகிறது. நேற்று மிஸஸ் கட்ஜ் "உப்பு வேணுமா?" என்று கேட்டபோது என் குரல் கரகரவென்று வந்தது. அப்போதுதான் அன்று நான் வாயே திறக்கவில்லை என்பது உறைத்தது.

சைலஸ்


வோல்ஸ்பி
30 ஆகஸ்ட் 1928, வியாழன்

சைலஸ்,

அவசரமாக எழுதுகிறேன், சங்கு ஊதப் போகிறது. காலைப் பேப்பரில் உன் பெயர். திரு. பிம்முக்கு விரல் உடைந்ததாமே, பாவம், எனக்கு வருத்தப்பட வரவில்லை. நேற்று ஆட்டம் முடிந்தபோது நீ பத்தொன்பது, கேப்டன் ஐம்பத்திரண்டு, இருவரும் அவுட்டாகவில்லை. இந்தப் பேப்பரை வாங்கினேன். மடியிலேயே வைத்திருக்கிறேன்.

அப்பா இன்று வேலைக்குப் போகவில்லை. நீ இருக்கும் ஊர்ப்பக்கம் யாரோ ஐசக் என்ற பழைய சிநேகிதர் இறந்துவிட்டாராம். கறுப்புத் தொப்பியும் நல்ல கோட்டும் போட்டுக்கொண்டு முதல் வண்டிக்கே போய்விட்டார். எந்த ஐசக் என்றேன். "உனக்குத் தெரியாது" என்றார்.

இது வந்து சேரும்போது உன் ஆட்டம் முடிந்திருக்கும். எதுவானாலும் எழுது.

மேபல்


மார்ச்செஸ்டர்
2 செப்டம்பர் 1928

அன்புள்ள அக்கா,

டாரி, ரன் அவுட், நாற்பத்தாறு. பேப்பரில் அவ்வளவுதான் இருக்கும். நடந்ததைச் சொல்கிறேன்.

வியாழக்கிழமை காலை என் வாழ்க்கையிலேயே நான் அப்படி ஆடியதில்லை. பந்து பெரிதாகத் தெரிந்தது. பயமே இல்லை. நான் நாற்பத்தாறு, கேப்டன் தொண்ணூற்றொன்பது. அவர் அடித்தார். பந்து நேராக ஆள் இருக்கும் இடத்துக்குப் போயிற்று. ஓட வழியே இல்லை. ஆனால் நூறு அவர் கண்ணை மறைத்துவிட்டது. "வா!" என்று கத்திக்கொண்டே ஓடி வந்தார். நான் நகரவில்லை. என் பேட் கோட்டுக்குள் இருந்தது. வேண்டாம் என்று கத்த வேண்டும், வாய் திறக்கவில்லை. அவர் என் பக்கத்துக்கே வந்துவிட்டார். இரண்டு பேரும் ஒரே முனையில். பந்து மறுமுனைக்குப் பறந்துகொண்டிருந்தது.

நான் அப்படியே நின்றிருந்தால் அவுட் அவர்தான். என் முகத்தைப் பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை. சொல்லவில்லை என்பதை நீ நம்ப வேண்டும். யாரும் எனக்கு உத்தரவு போடவில்லை. கால் தானாக வெளியே போனது. அவரைத் தாண்டி ஓடினேன். பாதி தூரம் போவதற்குள் மறுமுனையில் ஸ்டம்பைத் தட்டிவிட்டார்கள்.

அடுத்த ஓவரின் முதல் பந்திலேயே அவருக்கு நூறு வந்தது. மைதானமே எழுந்து கைதட்டியது. நான் அப்போதுதான் எங்கள் வாசலுக்கு வந்து திரும்பிப் பார்த்தேன். ஸ்கோர் பலகைப் பக்கம் எல்ம் மரத்தடியில் கறுப்புத் தொப்பி போட்ட ஒரு பெரியவர் மட்டும் கைதட்டாமல் நின்றார். முகம் தெரியவில்லை. எனக்காக ஒருவராவது கோபப்பட்டாரே என்று இருந்தது.

கொட்டகையில் ஃப்ராஸ்ட் தோளில் தட்டி, "பழகிட்டடா" என்றார். அன்பாகத்தான் சொன்னார். அதற்குப் பிறகு என்னால் சாப்பிட முடியவில்லை.

இரண்டாம் இன்னிங்ஸில் எனக்கு ஆட வாய்ப்பு வரவில்லை. சீசன் முடிந்தது. கமிட்டி பதினான்காம் தேதி கூடுகிறது.

சைலஸ்


வோல்ஸ்பி
9 செப்டம்பர் 1928

அன்புள்ள தம்பி,

உன் கடிதத்தை அப்பாவிடம் வாசிக்கட்டுமா என்று கேட்கவில்லை. எதிரே உட்கார்ந்து சத்தமாக வாசித்தேன். காது சரியில்லை என்று சொல்லவில்லை. எல்ம் மரத்தடிப் பெரியவரைப் பற்றிய இடம் வந்ததும் கரண்டியைக் கீழே வைத்துவிட்டார்.

"ஐசக்குன்னு யாரும் சாகல" என்றார்.

நான் உன் கடிதத்தை மடித்து வைத்தேன். அவரே பேச ஆரம்பித்தார். அவர் அவ்வளவு நேரம் சேர்ந்தாற்போல் பேசி அம்மா இருந்த காலத்தில்தான் கேட்டிருக்கிறேன். சொன்னபடியே எழுதுகிறேன்.

"அவன் ஆடுறான்னு முந்தின நாள் மேஸ்திரிதான் சொன்னாரு. காலையிலேர்ந்து பாத்துக்கிட்டிருந்தேன். நல்லா ஆடினான். எனக்கு அந்த ஆட்டம் புரியாது, ஆனா நல்லா ஆடுறான்னு தெரிஞ்சுது. பக்கத்துல நின்னவன்கிட்ட அது எம்புள்ளைன்னு சொன்னேன். அப்புறம் அந்த ஆளு ஓடி வந்தாரு. இவன் நிக்கிறான். நில்லுடா, நில்லுடான்னு மனசுக்குள்ள சொல்றேன். அவரு மூஞ்சியப் பாத்தான், போயிட்டான். அந்த மாதிரி போறது எங்கேர்ந்து வந்துச்சுன்னு எனக்குத் தெரியும். ஹார்க்கர் கார் சத்தம் கேட்டா என் கை தானா மேல போகுமில்ல, அதேதான். சின்ன வயசுல தினமும் என் கையப் புடிச்சுக்கிட்டு அந்த வாசல்ல நின்னவன்தானே. அவன் கிரிக்கெட் ஆடப் போறான்னு எனக்குக் கோவம் இல்ல. இது அவனோட கூடவே ரயில் ஏறிடும்னு பயந்தேன்."

உன்னைப் பார்க்காமலே ஏன் திரும்பினீர்கள் என்று கேட்டேன்.

"அவன் வர்ற வாசல் எதுன்னு தெரியல. ஒருத்தரக் கேட்டேன், நடுப்படியக் காட்டினாரு. அங்கயே நின்னுட்டிருந்தேன். வண்டிக்கு நேரமாச்சு."

அவர் தப்பான வாசலில் நின்றிருக்கிறார், சைலஸ். எழுந்து படுக்கப் போய்விட்டார். நான் ரொம்ப நேரம் அழுதேன். அதைச் சொல்ல வெட்கமில்லை.

மேபல்


மார்ச்செஸ்டர்
16 செப்டம்பர் 1928

அன்புள்ள அக்கா,

உன் கடிதத்தைப் பலமுறை படித்துவிட்டேன். அவர் நடுப்படியில் நின்றபோது நான் கொட்டகைக்குள் பூட்ஸைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தேன். இடையில் ஒரு மரச்சுவர்தான்.

கமிட்டி என்னை வேண்டாம் என்றுவிட்டது. வெள்ளிக்கிழமை கேப்டன் கூப்பிட்டனுப்பினார். முதல்முறையாக நடுப்படி ஏறி துரைமார் அறைக்குள் போனேன். ஜன்னல் பெரியது. அங்கிருந்து மைதானம் முழுக்கத் தெரிகிறது, எங்கள் கொட்டகை மட்டும் தெரியவில்லை.

"வருத்தமா இருக்கு டாரி. நான் பேசிப் பாத்தேன். அந்த அம்பது மட்டும் வந்திருந்தா விஷயமே வேற" என்றார்.

உண்மையாகவே வருத்தப்பட்டுத்தான் சொன்னார். அந்த ஐம்பது எங்கே போனது என்று அவருக்கு நினைவே இல்லை. நானும் நினைவுபடுத்தவில்லை.

பிறகு சொன்னார்: "எங்க பண்ணை வீட்டுல சின்னதா ஒரு மைதானம் இருக்கு. அதப் பாத்துக்க ஒரு ஆள் வேணும். விருந்தாளி வந்தா சாப்பாட்டு மேசையில கொஞ்சம் ஒத்தாசை பண்ணணும். தங்க இடம் இருக்கு. அன்னைக்கு நீ நடந்துகிட்டதப் பாத்தேன். உன்ன மாதிரி ஆளுதான் வேணும். வர்றியா?"

அக்கா, என் கால் அசைந்தது. சரிங்க சார் என்று சொல்லும்போது அரை அடி முன்னால் வைப்பேனே, அந்த அசைவு. அப்போது எல்ம் மரம் ஜன்னல் வழியாகத் தெரிந்தது.

"வேண்டாங்க சார்" என்றேன்.

அவர் தலையாட்டினார். கேட்டதற்கு அப்படியொரு பதில் வரும் என்று எதிர்பார்க்காதவர் மாதிரி இருந்தது. கோபமில்லை. கை கொடுத்தார். நான் கீழே வந்து பையைக் கட்டினேன். கொட்டகையில் யாரும் இல்லை. ஆணியில் என் தொப்பி மட்டும் தொங்கியது.

வேலையும் இல்லை, ஆட்டமும் இல்லை. என்ன செய்வதென்று தெரியவில்லை. மிஸஸ் கட்ஜ் இந்த மாசக் கடைசி வரை இருக்கலாம் என்கிறாள். முன்வாசல் வழியாகவே வரலாமாம், மழைக்காலத்துக்குக் கம்பளத்தைச் சுருட்டி வைத்துவிட்டாள்.

சைலஸ்


வோல்ஸ்பி
20 செப்டம்பர் 1928

அன்புள்ள தம்பி,

வாசித்தேன். "வேண்டாங்க சார்" என்ற இடத்தில் அப்பா என் கையைப் பிடித்து நிறுத்தினார்.

"சத்தமா சொன்னானா?"

எனக்கு எப்படித் தெரியும் அப்பா என்றேன்.

"எழுதிக் கேளு" என்றார்.

மாடிப்படியடியில் கிடந்த தன் பழைய தோல் துண்டுகளையெல்லாம் ஒதுக்கி, உன் பை வைக்கிற அளவுக்கு இடம் செய்துகொண்டிருக்கிறார். வரச் சொல் என்று வாய் திறந்து சொல்லமாட்டார். நான் சொல்கிறேன்.

மேபல்


மார்ச்செஸ்டர்
23 செப்டம்பர் 1928, ஞாயிறு

அன்புள்ள அக்கா,

சனிக்கிழமை ஆறு மணி வண்டியில் வருகிறேன். இத்தனை நாள் பாலத்தில் நின்று பார்த்த வண்டியில் நானே வரப்போகிறேன். ஹார்க்கரிடம் போகமாட்டேன். ஸ்டேஷன் பக்கம் பூட்ஸ் பழுதுபார்க்கிற கடையில் எனக்கு வேலை கேட்டு வை. அப்பாவோடு நான் இருந்துகொள்கிறேன். நீ இன்றைக்கே டோராவுக்கு எழுது. இந்த முறை பெட்டியைப் பிரிக்காதே.

நீ போய்விட்டால் அந்த மேசையில் மறுபடியும் இரண்டு கரண்டிச் சத்தம்தான் இருக்கும். பரவாயில்லை, பழகிக்கொள்வோம்.

அப்பா கேட்டதற்குப் பதில் சொல்லிவிடு. சத்தமாகச் சொல்லவில்லை. மெதுவாகத்தான் சொன்னேன், குரல்கூட நடுங்கியது. ஆனால் கால் கோட்டுக்குள்ளேயே இருந்தது என்று சொல்.

சைலஸ்